முகம் தெரியும், பெயர் தெரியாது: புக்கிட் பாத்தோக் காப்பிக்கடைகளை முன்வைத்து ஓர் ஆய்வு

1. ஆய்வுச் சிக்கல்

உலகில் விடை கிடைக்காத கேள்விகள் பல. அவற்றில் பெரும்பாலானவற்றுக்கு ஆள் போட்டாகிவிட்டது. பிரபஞ்சம் விரிவதைக் கவனிக்க வானியலார் இருக்கிறார்கள். சிந்துவெளி எழுத்தைப் படிக்கக் கல்வெட்டறிஞர்கள் இருக்கிறார்கள். ஆனால் சிங்கப்பூரின் புக்கிட் பாத்தோக் காப்பிக்கடைகளில் இரவு எட்டு மணிக்கு மேல் தவறாமல் எழும் ஒரு கேள்வியை மட்டும் எந்தப் பல்கலைக்கழகமும் கையில் எடுக்கவில்லை. அக்கேள்வியாவது: "அண்ணே, அந்தப் படத்துல அப்பாவா வருவாரே, அவரு பேரு என்ன?"

கேட்பவருக்கு முகம் தெரியும். குரல் தெரியும். அந்த மனிதர் மூக்குக் கண்ணாடியை எப்படிக் கழற்றுவார், கோபம் வந்தால் எந்தப் பக்கம் திரும்பிக்கொள்வார் என்பதெல்லாம் தெரியும். பெயர் மட்டும் நாக்கு நுனிவரை வந்து அங்கேயே குடியிருக்கும். "எந்தப் படம்?" என்று எதிரே இருப்பவர் கேட்பார். "எல்லாப் படத்துலயும்தான் வருவாரு!" என்று பதில் வரும். அதோடு சிஓஇ எனும் வாகன உரிமைச் சான்றிதழின் விலை பற்றி அதுவரை நடந்த விவாதம் நின்றுபோகும். மேசையில் இருக்கும் அத்தனை பேரும் மேலே சுழலும் மின்விசிறியைப் பார்ப்பார்கள். பெயர் அங்கே எழுதியிருப்பதில்லை.

கதாநாயகர்கள் விஷயத்தில் இந்தச் சிக்கல் எழுவதே கிடையாது. ரஜினி ஆட்டோ ஓட்டினாலும் ரஜினிதான், பால் கறந்தாலும் ரஜினிதான். பாத்திரத்தின் பெயர்தான் நமக்கு மறக்கும். குணச்சித்திர நடிகருக்கோ இது தலைகீழாக நடக்கிறது: பாத்திரம் நிற்கிறது, ஆள் பெயர் போய்விடுகிறது. இதிலிருந்து இவ்வாய்வு முன்வைக்கும் கருதுகோள்: ஒரு நடிகர் எத்தனை வகையாக நடிக்கிறாரோ, அத்தனைக்கு அவர் பெயர் மறக்கப்படும். கருதுகோளைச் சோதிக்க எடுத்துக்கொண்ட சான்று, டெல்லி கணேஷ்.

2. களமும் தகவலாளிகளும்

புக்கிட் பாத்தோக்கைக் களமாகத் தேர்ந்ததற்கு வலுவான காரணங்கள் உண்டு. முதலாவது, ஆய்வாளரின் வீடு அங்கே இருக்கிறது. இரண்டாவது, இதைவிடக் கொஞ்சம் கௌரவமானது. புக்கிட் பாத்தோக் குன்றின் உச்சியில் ஒளிபரப்புக் கோபுரம் நிற்கிறது. 1942இல் ஜப்பானியர் தங்கள் பக்கம் மாண்ட வீரர்களுக்கு நினைவுச் சின்னம் எழுப்பிய இடம் அது. பிரிட்டிஷ், ஆஸ்திரேலியப் போர்க்கைதிகளை வேலை வாங்கிக் கட்டிய அந்தச் சின்னம் போரோடு போயிற்று. படிக்கட்டு மட்டும் மிஞ்சியது. இன்று மூச்சிரைக்கப் படியேறிப் போனால் மேலே பார்க்கக் கிடைப்பது வேலியும் கோபுரமும்தான். தீவின் வரவேற்பறைகளுக்குப் படமும் ஒலியும் போவது இந்தக் குன்றிலிருந்து. ஆகவே, தமிழ்ப் படங்களில் வரும் அப்பாக்களும் மாமாக்களும் சிங்கப்பூர் வீடுகளுக்குள் நுழையுமுன் ஒரு நொடியின் சிறு பகுதியேனும் புக்கிட் பாத்தோக்கைத் தொட்டுவிட்டுத்தான் போகிறார்கள். இப்படிப்பட்ட புனித பூமியை விட்டுவிட்டு வேறெங்கே போய் ஆராய்வது?

சிங்கப்பூரில் தொலைக்காட்சி 1963 பிப்ரவரி 15 அன்று தொடங்கியது. தமிழுக்கென்றே வசந்தம் தனி ஒளிவழியாக வந்தது 2008 அக்டோபரில். இடைப்பட்ட காலத்தில் தமிழ்க் குடும்பங்கள் மற்ற மொழிகளோடு ஒளிவழியைப் பங்குபோட்டுக்கொண்டன. போதாததற்குச் சிராங்கூன் சாலையில் வீடியோ கேசட்டுகளை வாடகைக்கு எடுத்துத் தேயத் தேயப் பார்த்தன. முகங்கள் மனத்தில் பதிந்தது அப்போதுதான். பெயர்கள் ஏன் பதியவில்லை என்பதற்கும் அங்கேயே ஒரு தடயம் உண்டு: பெயர்ப்பட்டியல் ஓடும்போதுதான் எல்லாரும் சாப்பாட்டுத் தட்டு எடுக்கப் போவார்கள்.

ஆய்வு அறம் கருதித் தகவலாளிகளின் பெயர்கள் மறைக்கப்பட்டுள்ளன. அவரவர் அருந்திய பானமே அவரவர் அடையாளமாகக் கொள்ளப்பெறும்.

தே ஓ கோசோங்: பணி ஓய்வுபெற்ற பேருந்து ஓட்டுநர். சர்க்கரை நோயால் பாலும் சர்க்கரையும் இல்லாத இந்தத் தேநீர். மனைவி பக்கத்தில் இல்லாவிட்டால் தே தாரிக்.

கோப்பி சி: மன்னார்குடிக்காரர். கட்டுமானத் தளத்தில் மேற்பார்வையாளர். தமிழ் சினிமா பற்றி அவர் சொல்வதை மறுத்தால் ஊருக்கு அழைத்துப் போய் நிரூபிப்பதாகச் சொல்வார்.

தே ஹாலியா: மருத்துவமனைத் தாதி. இரவுப் பணி முடித்து வந்து நெடுந்தொடர்களை ஒரே மூச்சில் பார்ப்பவர். இக்குழுவில் குறுக்கு விசாரணைக்குத் தாக்குப்பிடித்த ஒரே சாட்சி.

மைலோ டைனோசர்: பலதுறைத் தொழிற்கல்லூரி மாணவர். தே ஓ கோசோங்கின் தங்கை மகன். மாமா சொல்வதற்கெல்லாம் "ஓகே மாமா" என்பார்; கைப்பேசியிலிருந்து கண்ணை எடுக்க மாட்டார்.

இவர்களோடு பரோட்டாக் கடை பாயும் உண்டு. அவர் எதுவும் அருந்துவதில்லை; அடுப்பு முன்னால் நிற்பவருக்கு அதற்கு நேரம் ஏது?

3. முன்னோர் மொழிந்தவை

இத்துறையில் முன்னோடி, அமெரிக்கத் திரை விமர்சகர் ரோஜர் ஈபர்ட். ஹாரி டீன் ஸ்டான்டனோ எம். எம்மெட் வால்ஷோ துணை வேடத்தில் வரும் எந்தப் படமும் முழுக்க முழுக்க மோசமாக இருக்க முடியாது என்று அவர் ஒரு விதி வகுத்தார். ஸ்டான்டன்–வால்ஷ் விதி என்று அது இன்றும் வழங்குகிறது. விதிவிலக்குகள் உண்டு என்பதைப் பிற்பாடு அவரே ஒத்துக்கொண்டார் என்பது அவருடைய அறிவியல் மனப்பான்மைக்குச் சான்று. ஸ்டான்டன் 'ஏலியன்' படத்தில் விண்கலத் தொழிலாளி. 'பாரிஸ், டெக்சாஸ்' படத்தில் வாய் பேசாமல் பாலைவனத்தில் நடந்து வரும் நாயகன். தொலைக்காட்சித் தொடர்களிலும் வந்தார். வால்ஷ் 'பிளேட் ரன்னர்' படத்தில் போலீஸ் அதிகாரி, 'பிளட் சிம்பிள்' படத்தில் வியர்வை வழியும் துப்பறிவாளர். அமெரிக்காவிலும் இவர்களைத் தெருவில் பார்த்தவர்கள் "நீங்க அந்தப் படத்துல..." என்று தொடங்கி முடிக்க முடியாமல் நின்றிருக்கிறார்கள். இத்தகைய நடிகர்களைப் பற்றி 2012இல் ஓர் ஆவணப்படமே வந்தது. அதன் தலைப்பும் ஏறக்குறைய நம் காப்பிக்கடைக் கேள்விதான்.

தமிழில் கோட்பாடு எழுதியவர் குறைவு; செய்து காட்டியவர் அதிகம். வி.கே. ராமசாமி 1947இல் ஏவிஎம்மின் 'நாம் இருவர்' படத்தில் கிழவராக வந்தபோது அவருக்கு வயது 21. அன்று போட்ட கிழ வேடத்தை, நிஜமாகவே கிழவராகும் வரை அவர் கழற்றவில்லை. பூர்ணம் விஸ்வநாதன் 1947 ஆகஸ்ட் 15 அன்று டெல்லி வானொலியில் தமிழ்ச் செய்தி வாசித்தவர். நாடு விடுதலையான சேதியை அவர் குரலில் கேட்டவர்களின் பிள்ளைகளே பின்னாளில் அவரைத் திரையில் பார்த்து, "இவரு அந்த மாமா" என்றார்கள். வரலாறு இத்தனை அலட்சியமானது.

4. மூலத் தரவு

இனிச் சான்றுக்கு வருவோம். டெல்லி கணேஷ் 1944 ஆகஸ்ட் 1 அன்று, இன்றைய தூத்துக்குடி மாவட்டத்து வல்லநாட்டில் பிறந்தார். 1964 முதல் 1974 வரை இந்திய விமானப்படையில் வேலை. டெல்லியில் இருந்தபோது தட்சிண பாரத நாடக சபாவில் நடித்தார். கே. பாலசந்தர் 'பட்டினப்பிரவேசம்' படத்தில் (1977) அவரை அறிமுகப்படுத்தி, 'டெல்லி' என்ற அடைமொழியையும் கொடுத்தார். பிறந்த ஊர் விடுபட்டு, வேலை பார்த்த ஊர் ஒட்டிக்கொண்டது. இதே முறை சிங்கப்பூரில் நடைமுறைக்கு வந்தால் ஜூரோங் முத்து, துவாஸ் செல்வம் என்று ஊரே நிறைந்துவிடும்.

1979இல் துரை இயக்கிய 'பசி'. ஷோபாவின் தகப்பனாக, ரிக்‌ஷா இழுக்கும் முனியாண்டியாக வந்தார். ஷோபாவுக்கு அந்தப் படத்தில் தேசிய விருது. இவருக்குத் தமிழக அரசின் சிறப்புப் பரிசு. 1981இல் 'எங்கம்மா மகாராணி' படத்தில் கதாநாயகன். நாயகனாக ஒரு பிழைப்பு இருக்கிறது என்று அவர் அறிந்திருந்தார் என்பதற்கு இது சான்று. அதைத் தொடரவில்லை என்பது அவருடைய நடைமுறை அறிவுக்குச் சான்று.

1985இல் 'சிந்து பைரவி'. மிருதங்கக்காரர் குருமூர்த்தி, குடித்துவிட்டு மேடையேறுகிறார், பாடகர் ஜே.கே.பி. அவரை எழுப்பி அனுப்பிவிட்டு மிருதங்கம் இல்லாமலே கச்சேரி செய்கிறார். 1987இல் 'நாயகன்'. வேலு நாயக்கரின் பக்கத்தில் ஐயர். நாயக்கருக்கு இந்தி வராது, இவருக்கு வரும். 1989இல் 'அபூர்வ சகோதரர்கள்'. அப்பாவைக் கொன்ற நால்வரில் ஒருவரான பிரான்சிஸ் அன்பரசு. 1990இல் 'மைக்கேல் மதன காமராஜன்'. பாலக்காட்டுச் சமையற்காரர் மணி ஐயர். 1996இல் 'அவ்வை சண்முகி'யின் சேதுராம ஐயர். 2000இல் 'தெனாலி'. சக மருத்துவர் மீது பொறாமை கொண்டு, தன் நோயாளியையே ஆயுதமாக அனுப்பும் டாக்டர் பஞ்சபூதம். இடையில் 'கஸ்தூரி', 'செல்லமே' என்று சின்னத்திரை. இணையத்துக்காக எடுத்த நகைச்சுவைக் குறும்படம் ஒன்றில், பேட்மேன் சென்னைக்காரராக இருந்தால் எப்படி இருக்கும் என்ற கற்பனையில், பேட்மேன் வீட்டு ஆல்ஃபிரட். மொத்தம் நானூறுக்கும் மேற்பட்ட படங்கள். 1994இல் கலைமாமணி. 2024 நவம்பர் 9 இரவு, 80 வயதில் சென்னையில் காலமானார்.

இந்தப் பட்டியலை நிதானமாகப் பார்க்க வேண்டும். குறிப்பாக 1989, 1990 ஆகிய இரண்டு வருடங்களை. இரண்டு படங்களுக்கும் இயக்குநர் சிங்கீதம் சீனிவாசராவ். இரண்டிலும் நாயகன் கமல்ஹாசன். இரண்டுக்கும் வசனம் கிரேஸி மோகன். முதல் படத்தில் டெல்லி கணேஷ் ஒரு குடும்பத்தை அழித்த கூட்டத்தில் இருக்கிறார். கமலின் குள்ள அப்பு வைத்த தொடர்வினைப் பொறியில் சிக்கிச் சாகிறார். மறு வருடம், அதே கமலை வளர்த்த தகப்பனாக, எறும்புக்கும் தீங்கு செய்யாத சமையற்காரராக வந்து நிற்கிறார். தியேட்டரில் எவரும் எழுந்து நின்று, "யோவ், போன வருஷம் இவரத்தானே கொன்னாரு?" என்று கேட்கவில்லை. கேட்டிருந்தால் இந்த ஆய்வுக்கே அவசியம் இருந்திருக்காது.

5. வகைப்பாடு

பெயர் தெரியாத நடிகரை அடையாளம் காட்டக் காப்பிக்கடை மரபில் நான்கு வழிகள் உள்ளன.

முதலாவது உறவுச்சுட்டு. "அந்த அப்பா", "அந்த மாமனாரு", "அந்தச் சித்தப்பா". தமிழர்கள் முன்பின் தெரியாதவரையும் உறவு வைத்துக் கூப்பிடுபவர்கள் ஆகையால் இதில் வியப்பில்லை. வியப்பு என்னவென்றால், ஒரே மேசையில் ஒருவர் அப்பா என்பவரை இன்னொருவர் மாமா என்பார், இருவரும் ஒரே ஆளைத்தான் சொல்வார்கள்.

இரண்டாவது சம்பவச்சுட்டு. "சாம்பார்ல மீன் விழுமே, அந்தச் சீன்ல இருப்பாரே." இதன் துல்லியம் அபாரம். ஆனால் அந்தக் காட்சியில் இருப்பவர் பலர்.

மூன்றாவது பிறன்சுட்டு. தவறான பெயரை முழு நம்பிக்கையோடு சொல்வது. டெல்லி கணேஷைக் கேட்டால் பூர்ணம் விஸ்வநாதன் என்பார்கள். பூர்ணத்தைக் கேட்டால் வி.எஸ். ராகவன் என்பார்கள், ராகவனைக் கேட்டால் குரலை மாற்றி அவரைப் போலவே பேசிக் காட்டுவார்கள், பெயர் சொல்ல மாட்டார்கள். கோப்பி சி இம்முறையின் தலைசிறந்த பயிற்சியாளர்.

நான்காவது அங்கச்சுட்டு. வாய் தோற்ற இடத்தில் உடம்பு பேசும். தே ஓ கோசோங் எழுந்து நின்று, தோளில் இல்லாத துண்டை எடுத்து உதறி, இல்லாத கண்ணாடியைக் கழற்றித் துடைத்து, "இப்படிப் பாப்பாரே, இப்படி!" என்று முறைத்தார். பக்கத்து மேசையில் மீ கோரெங் சாப்பிட்டுக்கொண்டிருந்த மலாய்க் குடும்பம் தட்டை எடுத்துக்கொண்டு இரண்டு மேசை தள்ளி உட்கார்ந்தது.

இவை நான்கும் தோற்ற பின்னர்த் தமிழ்த் திரையுலகமே கண்டுபிடித்த ஐந்தாவது முறை ஒன்று உண்டு. அதை அடைமொழி முறை எனலாம். மூர்த்தி என்றால் ஆயிரம் மூர்த்தி, எனவே 'வெண்ணிற ஆடை' மூர்த்தி. ரவி என்றால் தெருவுக்கு நான்கு பேர், எனவே 'நிழல்கள்' ரவி. 'தலைவாசல்' விஜய், 'பூவிலங்கு' மோகன், 'டைப்பிஸ்ட்' கோபு எல்லாம் இவ்வகை. நாயகனுக்குப் பட்டம் கொடுப்பது புகழ்வதற்கு. குணச்சித்திர நடிகருக்கு அடைமொழி கொடுப்பது ஆளைக் கண்டுபிடிப்பதற்கு. ஒன்று மாலை, மற்றது விலாசம். 'பசி' படம் இப்படி இருவருக்கு விலாசம் கொடுத்தது: 'பசி' சத்யா, 'பசி' நாராயணன். அதே படத்தில் அரசுப் பரிசு வாங்கிய டெல்லி கணேஷுக்கு அந்த விலாசம் கிடைக்கவில்லை. டெல்லி ஏற்கெனவே உட்கார்ந்திருந்தது. கிடைத்திருந்தால் மக்கள் அவரைப் பார்க்கும்போதெல்லாம் ஒரு ரிக்‌ஷாக்காரர் நினைவுக்கு வந்திருப்பார். அவர் நடித்த எந்தப் படத்தையும் சுட்டாத டெல்லிதான் அவரை எதிலும் மாட்டாமல் காப்பாற்றியது என்பது இவ்வாய்வின் இடைக்கால முடிவு.

6. களச் சோதனை

சோதனை, பாய் கடைக்கு முன்னாலிருந்த வட்ட மேசையில் நடந்தது. கருவிகள்: மைலோ டைனோசரின் கைப்பேசி, அதைச் சாய்த்து நிறுத்த ஒரு மிளகாய்ச் சாறு போத்தல், நான்கு பரோட்டா, ஒரு கிண்ணம் மீன் கறி. காட்சி, 'மைக்கேல் மதன காமராஜன்' கல்யாணச் சமையல். சைவப் பந்திச் சாம்பாரில் மீன் விழுந்து கிடக்க, சமையற்காரத் தகப்பனும் மகனும் படும் பாடு.

கைப்பேசியின் கண்ணாடியில் மூலையிலிருந்து ஒரு விரிசல் ஓடியிருந்தது. அது நேராக மணி ஐயரின் நெற்றி மேல் விழுந்து, நாமமோ என்று ஐயுற வைத்தது. சத்தம் குறைவு. பக்கத்தில் பாய் மாவை அடிக்கும் ஓசை அதிகம். ஆனாலும் நால்வரும் குனிந்து பார்த்தார்கள். முதல் சிரிப்பு கமல்ஹாசனுக்குத்தான் வந்தது. அடுத்த சிரிப்பு வரும்போது தே ஹாலியா சொன்னதை ஆய்வாளர் உடனே குறித்துக்கொண்டார்:

"கமல் சிரிக்க வைக்கிறாரு, சரி. ஆனா இவரப் பாருங்க. இவரு காமெடியே பண்ணல. நெஜமாவே பயப்படுறாரு. கல்யாண வீட்ல மானம் போயிடுமேன்னு ஒரு சமையக்காரருக்கு வர்ற பயம். எங்க வார்டுல மருந்து மாறிப் போச்சோன்னு சந்தேகம் வந்தா புது நர்ஸ் மூஞ்சி இப்படித்தான் இருக்கும்."

இந்த வாக்குமூலத்துக்கு மேல் நடிப்புக் கோட்பாடு எதுவும் இந்த ஆய்வாளருக்குத் தேவைப்படவில்லை. நகைச்சுவைக் காட்சியில் எல்லாரும் வேடிக்கை செய்தால் வேடிக்கை தங்காது. யாராவது ஒருவர் அந்த மீனை மெய்யாகவே ஆபத்தென்று நம்ப வேண்டும். நாயகன் விளையாட, நம்புகிற வேலை டெல்லி கணேஷிடம் ஒப்படைக்கப்பட்டிருந்தது. அவர் நம்பியதால் நாம் சிரித்தோம். சிரித்துவிட்டு, நம்பியவர் பெயரைக் கேட்க மறந்தோம்.

அதற்குள் மேசை துடைக்க வந்த பானக் கடைச் சீன ஆன்ட்டி, திரையை எட்டிப் பார்த்தார். வசந்தத்தில் ஆங்கில வசனவரிகளோடு தமிழ்ப் படம் பார்த்துப் பழகியவர். பசார் மலாயில் அவர் சொன்னது: "இந்த அங்கிளை எனக்குத் தெரியும். எப்பவும் பொண்ணு கல்யாணத்துக்குப் பணம் தேடுவாரே." மேசை அதிர்ந்தது. மொழி கடந்து, இனம் கடந்து முகம் போய்ச் சேர்ந்திருக்கிறது. பெயர் அங்கும் போகவில்லை.

"பூர்ணம் விஸ்வநாதன்" என்றார் கோப்பி சி.

"அவரு கிடையாது லா. இவரு வேற. நாயகன்ல வருவாரே, ஐயரு" என்றார் தே ஓ கோசோங்.

"மாமா, நாயகன்ல ஐயர், இதுலயும் ஐயர், அப்ப ஒரே ரோல்தானே? இதுல என்ன பெரிய வெரைட்டி?" என்றார் மைலோ டைனோசர், முதன்முறையாகத் தலையை நிமிர்த்தி.

அப்போது அடுப்புப் பக்கமிருந்து, பரோட்டாவைத் திருப்பிப் போட்டபடியே, பாயின் குரல் வந்தது: "டெல்லி கணேஷ். காசு யாரு குடுக்குறா?"

7. எதிர்வாதங்களும் விடைகளும்

மைலோ டைனோசர் எழுப்பிய ஐயம் நியாயமானது. அதற்கு முதலில் விடை சொல்ல வேண்டும். தமிழ்த் திரை இவருக்கு ஐயர் வேடம் என்ற கட்டத்தைத் திரும்பத் திரும்பக் கொடுத்தது உண்மை. ஆனால் அந்தக் கட்டத்துக்குள் எத்தனை பேர் குடியிருந்தார்கள் என்று பாருங்கள். 'நாயகன்' படத்து ஐயர், பம்பாயில் தாதாவின் நிழலில் நின்று தர்மத்தையும் பயத்தையும் ஒரே பையில் வைத்துக்கொண்டிருப்பவர். மணி ஐயர், பாலக்காட்டுத் தமிழை இழுத்து இழுத்துப் பேசும் வெகுளி. இருவரையும் ஒரே அறையில் விட்டால் ஒருவருக்கொருவர் பேச எதுவும் இருக்காது. நெல்லைச் சீமைக்காரர் ஒருவர், விமானப்படையில் பத்தாண்டு இருந்துவிட்டு வந்து, பாலக்காட்டுச் சமையற்காரராகவும் சென்னைச் சேரியின் ரிக்‌ஷாக்காரராகவும் நாக்கை மாற்றிக்கொண்டது சாமானியமல்ல. கட்டத்தைக் கொடுத்தது திரையுலகம். உள்ளே ஆள் மாறிக்கொண்டே இருந்தது அவருடைய வேலை.

இரண்டாவது எதிர்வாதம் கோப்பி சியுடையது: "கமலும்தான் வகைவகையா நடிக்கிறாரு. அவரு பேரு மறக்குதா?" இதற்கு விடை எளிது. நாயகனின் வகைமைக்கு விளம்பரம் உண்டு. கமல் பத்து வேடம் போட்டால் படத்துக்கே 'தசாவதாரம்' என்று பெயர். சுவரொட்டியில் பத்து முகம். டெல்லி கணேஷின் வேடங்களை எந்தச் சுவரொட்டியும் எண்ணவில்லை. மேலும், நாயகன் உருமாறும்போது உள்ளே இருப்பது நம்ம ஆள் என்று தெரிந்துதான் விசில் அடிக்கிறோம். குணச்சித்திர நடிகர் உருமாறும்போது உள்ளே ஆள் இருப்பதே தெரியக் கூடாது. தெரிந்தால் காட்சி கெட்டுவிடும்.

மூன்றாவது எதிர்வாதம், இதெல்லாம் வயதானவர்களின் ஞாபக மறதி என்பது. இதைத் தே ஓ கோசோங் வன்மையாகக் கண்டித்தார். தாம் ஓட்டிய பேருந்துத் தடங்களின் நிறுத்தங்களை வரிசையாக ஒப்பித்துக் காட்டினார். ஒன்றும் விடுபடவில்லை. அவருடைய ஞாபக சக்தியில் பழுதில்லை. டெல்லி கணேஷின் நடிப்பிலும் பழுதில்லை. இரண்டும் ஒழுங்காக வேலை செய்ததால் விளைந்ததே இந்த மறதி.

8. நிறுவப்பெற்ற விதிகள்

முதல் விதி: பெயர் மறதி, நடிப்பின் வகைமைக்கு நேர்விகிதத்தில் இருக்கும். ஒரே மாதிரி நடிப்பவரின் பெயர் உடனே நினைவுக்கு வரும், தலைவலியைப் போல.

இரண்டாம் விதி, ஈபர்ட்டின் விதியைத் தமிழ் மண்ணுக்குத் திருத்தியது: டெல்லி கணேஷ் வரும் படம் மோசமாக இருக்கலாம், அவர் வரும் காட்சி மோசமாக இருப்பது அரிது. நானூறு படங்களில் எல்லாமே நல்ல படங்களாக இருக்க வாய்ப்பில்லை என்பதால் இந்தத் திருத்தம் அவசியமாயிற்று.

மூன்றாம் விதி: மறந்த பெயர் நினைவுக்கு வரும் நேரம், அனைவரும் கலைந்து வீட்டுக்குப் போன பிறகே. தே ஓ கோசோங், பாய் சொன்னதை ஒத்துக்கொள்ளாமல் எழுந்து போனார். நள்ளிரவுக்கு மேல் வாட்ஸ்அப் குழுவில் அவருடைய செய்தி வந்தது: "டெல்லி கணேஷ்தான்." அடுத்து இன்னொன்று: "சிந்து பைரவிலயும் இருக்காரு. குடிச்சிட்டு வருவாரு. அதுவும் அவருதானா?" அந்த இரண்டாம் செய்தியே இவ்வாய்வின் ஆகச் சிறந்த தரவு. பல்லாண்டுகளாகத் தெரிந்த இரண்டு வேறு வேறு மனிதர்கள், அன்றிரவு அவர் மனத்தில் ஒரே ஆளாயினர்.

9. முடிவும் பரிந்துரைகளும்

கருதுகோள் நிறுவப்பட்டது. பெயர் மறந்தது நடிகரின் தோல்வி அல்ல. நானூறு வீடுகளில் நானூறு பேராக வாழ்ந்துவிட்டு, எந்த வீட்டிலும் தன்னை விட்டுச் செல்லாதவரின் வெற்றி அது.

ஆயினும் இந்த முடிவோடு நிறுத்துவது நமக்கு மட்டுமே வசதி. மறப்பதைப் பாராட்டு என்று சொல்லிவிட்டால், நினைவில் வைத்துக்கொள்ளும் கடமை நம் தலையிலிருந்து இறங்கிவிடுகிறது. பெயர் தெரியாமல் போவது கலைக்குப் பெருமையாக இருக்கலாம். கலைஞனுக்கு அது கூலி ஆகாது. கொத்தனார் பெயர் வீட்டில் இல்லை, தையற்காரர் பெயர் சட்டையில் இல்லை. நடிகரின் பெயர் மட்டும் திரையில் எழுதப்பட்டு வருகிறது. எழுதியிருந்தும் படிக்காதவர்கள் நாம்தான். இந்திய விமானப்படை தன் பழைய வீரரை மறக்கவில்லை. 2024 நவம்பரில் அவர் உடலுக்குப் படையினர் வந்து மரியாதை செய்தார்கள். பத்தாண்டு வேலை பார்த்த இடம் அவரை நினைவில் வைத்திருந்தது. நாற்பது ஆண்டுகளுக்கு மேல் அவர் வேலை பார்த்தது நம் வீட்டு வரவேற்பறையில்.

எனவே இவ்வாய்வு பணிவுடன் பரிந்துரைப்பன: ஒன்று, காப்பிக்கடைகளில் பெயர் தெரியாமல் வாதிடுவோர் தோற்றால், அடுத்த சுற்றுப் பானத்துக்கு அவர்களே பணம் தர வேண்டும். பாய் இதை வழிமொழிந்துள்ளார். இரண்டு, 'அபூர்வ சகோதரர்கள்', 'மைக்கேல் மதன காமராஜன்' ஆகிய இரண்டையும் அடுத்தடுத்து ஒரே நாளில் பாருங்கள். கமலை விட்டுவிட்டு பிரான்சிஸ் அன்பரசின் கண்ணையும் மணி ஐயரின் கண்ணையும் மட்டும் கவனியுங்கள். மூன்று, நேரமிருந்தால் 'பசி'யையும் பாருங்கள். நான்கு, படம் எதுவானாலும் பெயர்ப்பட்டியல் ஓடி முடியும்வரை ரிமோட்டைத் தொடாதீர்கள். நாயகன் பெயருக்குப் பின்னால் சிறிய எழுத்தில் வரிசையாகச் சிலர் வருவார்கள். அவர்கள் பெயரை வாய்விட்டுப் படியுங்கள்.